ரப்பர் பால் பூசிய சிரட்டை

1927 ஏப்ரல் 4

இன்றும் தேங்காய்ச் சிரட்டை கீழே கிடந்தது. குருவிகளுக்குச் சோறு வைக்க நான் வீட்டுப் பின்வளவு ஜம்பு மரத்தில் கட்டியது. ஒரு வாரத்தில் மூன்றாம் தரம் விழுகிறது. அணில் கயிற்றைக் கடித்துவிட்டது. இனிக் கம்பிதான் என்று கட்டினேன், விரலும் கிழிந்தது. நாசமாய்ப் போன அணில்!

குருவிமேல் எனக்கு அப்படியொன்றும் ஆசை இல்லை. இவர் கட்டிலில் சுவரைப் பார்த்தபடியே கிடக்கிறார். சத்தத்துக்காவது யன்னல் பக்கம் திரும்பட்டும் என்றுதான்.

ஏப்ரல் 6

டொக்டர் பூபாலசிங்கம் வந்தார். மாசியில் வேலை செய்யும் கந்தோர்ப் படியில் வழுக்கி முறிந்த கால் நன்றாகப் பொருந்திவிட்டதாம். "இனி உம்முடைய மனுசன்தான் மனம் வைக்கோணும், தங்கச்சி." மனம் எங்கே? காலை நிலத்தில் வைக்கவே பயம். தோள் கொடுத்தேன், தட்டிவிட்டார்.

லீவு முப்பதாம் திகதியோடு சரி. அதற்குள் நடக்காவிட்டால் கணக்கெழுதும் கிராணி வேலை போகும், வேலையோடு கிடைத்த இந்த ஈப்போ வீடும் போகும். யாழ்ப்பாணத்துக்குக் கப்பலேறி, அண்ணன் வீட்டில் எத்தனை நாள் சோறு தின்பது?

ஏப்ரல் 7

ஒரு மைனா வந்தது. இவர் திரும்பிப் பார்த்தார்! "சிரட்டை கோணலாய்த் தொங்குது," என்றார். இரண்டு நாளில் பேசிய முதல் பேச்சு. ஓடிப்போய் நேராக்கினேன்.

ஏப்ரல் 11

குரங்கு. சிரட்டை பிளந்து கிடக்கிறது. அது மட்டும் என் கையில் அகப்பட்டால்—

பக்கத்து ரப்பர் தோட்டத்திலிருந்து மரவள்ளிக்கிழங்கு விற்க வரும் கருப்பம்மாள் சிரித்தாள். "ஊர்ல வேற செரட்டையே இல்லியாம்மா?"

இருக்கிறது. ஆனால் மைனா இதற்குத்தான் பழகியிருக்கிறது. புதியதைக் கண்டு வராமல் விட்டால் இவர் மறுபடி சுவரைப் பார்ப்பார். சொன்னேன். அவள் சிரிப்பை நிறுத்திவிட்டாள்.

"ரப்பர் பால் கொண்டாறேன்மா. தொரையோட சப்பாத்தயே அதுலதான் ஒட்டுனாங்க!"

ஏப்ரல் 13

வருஷப் பிறப்பு. பாயாசத்தில் இரண்டு கரண்டி குடித்தார். சிரட்டையை ஒட்டினேன். மிஞ்சிய பாலை வீணாக்குவானேன் என்று விளிம்பெல்லாம் பூசினேன். பின்னேரம் மழை.

ஏப்ரல் 14

கையில் இன்னும் எண்ணெய்ப் பிசுக்கு. ஆனாலும் எழுதுகிறேன்.

காலையில் சோறு வைத்துவிட்டு அடுப்படிக்குப் போனேன். மைனா ஒரே கத்தல், மரத்தடிக்கு ஓடினேன். மழை ஈரத்தில் பால் காயவே இல்லை; விளிம்பில் இருந்த மைனாவின் இரண்டு காலும் ஒட்டிவிட்டன. ஐயோ, பாவி நான்! பிடித்து இழுத்தேன், கொத்தியது. அழுகை வந்துவிட்டது.

பக்கத்தில் இவருடைய குரல். "உமக்கென்ன விசரே? இழுக்காதேயும், கால் முறியும்! தேங்காயெண்ணெய் எங்கை?"

ஓடிப்போய்க் கொண்டுவந்தேன். சிறகைத் துணியால் பொத்திப் பிடித்து, எண்ணெய் தடவித் தடவி, ஒவ்வொரு விரலாய் எடுத்துவிட்டார். என்னைத் திட்டிக்கொண்டேதான். நானும் விட்டேனா? "அவ்வளவு தெரிஞ்ச நீங்கள் எழும்பி வந்து ஒட்டியிருக்கலாமே!" மைனா பறந்து கூரையில் இருந்து எங்கள் இருவரையும் ஏசியது.

வேலியோரம் கூடையோடு கருப்பம்மாள் நின்றாள்.

"அம்மா... கிராணி ஐயா எப்பம்மா நடந்தாரு?"

நான் அவர் காலைப் பார்த்தேன்; அவரும் குனிந்து பார்த்தார். கட்டிலிலிருந்து மரம்வரை பதினாறு அடி. பிறகு அளந்து பார்த்தேன். அவர் ஈர மண்ணிலேயே உட்கார்ந்து அழுதார். கலியாணம் முடித்து ஒன்பது வருஷத்தில் நான் அதைக் கண்டதில்லை.

ஏப்ரல் 19

வாசல் படலைவரை நடந்தார். வலி அவருக்கு, ஏச்சு எனக்கு. ஏசட்டும்.

மே 2

எட்டு மணிக்குக் கைத்தடியோடு கந்தோருக்குப் புறப்பட்டார். "படலையிலை நிக்காதேயும், சனம் சிரிக்கும்."

நின்றேன். தெருமுனைவரை ஒருதரமும் திரும்பிப் பார்க்கவில்லை. நல்லவேளை. என் முகத்தைக் கண்டிருந்தால் இன்றைக்கும் லீவு போட்டிருப்பார்.