ஆரணியின் நெற்றி

நவம்பர் 14, வெள்ளி

இன்று கல்லூரியில் நான் படிப்பித்தது, பத்தொன்பதாம் நூற்றாண்டு அமெரிக்கப் பாதிரியார் ஒருவரின் மதச் சுதந்திரக் கட்டுரைகள். தன் சபையையே நம்பாதவனுக்காகவும் வாதாடிய மனிதர். இன்னொருவரிடம் அனுமதி கேட்கவேண்டி வந்தால் அது சுதந்திரமே இல்லை என்பதுதான் அவர் எழுதியதன் சாரம். நன்றாகத்தான் பேசினேன். பின்வரிசையில் இருப்பவர்கள்கூடப் போனை வைத்துவிட்டுக் கேட்டார்கள்.

மாலையில் முருகன் கோயில். காரை நிறுத்தியதும் ஆரணி சொன்னாள்: "அப்பா, நான் உள்ள வாறன். திருநீறு மட்டும் வேண்டாம். எனக்கு நம்பிக்கை இல்லை." பதினாறு வயது. இந்த நாட்டிலேயே பிறந்தவள், வீட்டிலும் பிரெஞ்சில்தான் பதில் சொல்லுவாள். இதை எனக்காகத் தமிழில் சொன்னாள். நானும் தலையாட்டினேன்.

பூசை முடிந்து ஐயர் என் கையில் திருநீறு போட்டார். பக்கத்தில் கோயில் செயலாளர் அண்ணை நின்றார். "பிள்ளைக்கும் பூசிவிடுங்கோவன்" என்றார். பூசிவிட்டேன். கண்ணில் விழாமல் மற்றக் கையால் மறைத்து, குழந்தைக்குச் செய்வதுபோல ஊதியும் விட்டேன். அவள் அசையவில்லை.

காரில் ஏறியதும் துடைத்தெறிவாள் என்று நினைத்தேன். துடைத்திருந்தால் கோபப்பட்டாவது தப்பியிருப்பேன். வீடு வரும்வரை நெற்றியைத் தொடாமல் வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள்.

வாசலில் சப்பாத்தைக் கழற்றும்போதுதான் கேட்டாள்.

"இப்ப துடைக்கலாமா, அப்பா?"

"ஓம்" என்று அனுமதி கொடுத்தேன்.