கடல் வரும் இடத்தில் வைத்த குரவை

சாய்ந்தமருது,
வெள்ளிக்கிழமை, ஜும்ஆவுக்கு முன்.

அன்பு மகன் நிப்றாஸுக்கு உம்மா எழுதிக்கொள்வது, அஸ்ஸலாமு அலைக்கும். அல்லாஹ்வின் கிருபையால் இங்கே எல்லோரும் சுகம், அந்தக் குளிர் ஊரில் உனக்கும் ஒரு தும்மல்கூட வரக்கூடாது என்று ஒவ்வொரு தொழுகையிலும் கையேந்துகிறேன். சுகம் என்று எழுதிவிட்டேனே தவிர என் மனது ஒரு இடத்தில் நிற்கவில்லை மகன். நேற்று கறிக்கு இரண்டு தரம் உப்புப் போட்டேன், சோற்றைக் கருகவிட்டேன், கேற்றடிக்குப் போகிறதும் வருகிறதுமாக நிற்கிறேன். வட்ஸ்அப் இருக்கும்போது ஏன் கடிதம் என்று கேட்பாய். நீ என் வொய்ஸை இரட்டை வேகத்தில் ஓடவிட்டுக் கேட்கிறவன் என்று உன் தங்கச்சி ஆகிலா சொல்லிவிட்டாள். என் கோபத்தை அப்படிக் கேட்க உனக்கு இடம் தரமாட்டேன், எழுதி முடித்து நானே படம் பிடித்து அனுப்புகிறேன், ஒரு எழுத்து விடாமல் வாசி.

வாப்பாவுக்கு முழங்கால் வீக்கம் இன்னும் வற்றவில்லை. டொக்டர் நடக்கக் கூடாது என்றார், இவர் நாவிதன்வெளி வயலுக்குப் போய் வாய்க்கால் தண்ணீருக்காக யாரோடோ வாக்குவாதப்பட்டுச் சேற்றோடு வந்து நிற்கிறார், கேட்டால் நான் எங்க நடந்தன், மோட்டார் சைக்கிள்லதானே போனன் என்கிறார். ஆகிலாவுக்கு இப்போது ஐந்தாம் மாதம், கருவாட்டு வாசம் ஆகாது என்று அடுப்படிப் பக்கமே வருவதில்லை, மாப்பிள்ளை இஹ்ஸான்தான் பாவம் தேங்காய் திருவுகிறார். நீயும் பாணும் சீஸும் தின்றுகொண்டு கிடக்காதே, நான் தந்துவிட்ட மிளகாய்த்தூளைப் பூட்டி வைத்துப் பார்த்துக்கொண்டிருக்கவா தந்தேன், ஒரு மீன் கறியாவது காய்ச்சப் பழகு. காதையும் கவனி, நாள் முழுக்க அந்தச் சத்தத்துக்குள் இருக்கிறவன் நீ.

சத்தம் என்றதும் என் ஆத்திரம் வந்துவிட்டது, விஷயத்துக்கு வருகிறேன். நீ இசை போட்ட படத்தைப் போன கிழமை ஆகிலா வீட்டு டீவியில் எல்லோரும் கூடிப் பார்த்தோம். என் மகன் ரொட்டர்டாமில் இருந்து போட்ட மியூசிக் என்று அக்கம்பக்கத்துப் பெண்களையெல்லாம் நான்தான் கூப்பிட்டேன், வாப்பாவின் கூடப்பிறந்த ஸுஹைறா மாமியையும் நானே போய்க் கையைப் பிடித்துக் கூட்டி வந்து முன்னுக்கு இருத்தினேன். வாப்பா ஹராம் என்றோ ஹலால் என்றோ ஒரு வார்த்தை சொல்லாமல் சால்வையை எடுத்துக்கொண்டு பள்ளிக்கு என்று போனார், பிறகு ஜன்னலுக்கு வெளியே நின்று கேட்டதை இஹ்ஸான் கண்டிருக்கிறார். உன் இசை விளங்காமல் இவ திட்டுகிறா என்று மட்டும் நினைத்துவிடாதே. போன பெருநாளுக்கு வந்தபோது குசினியில் என் காதில் இயர்போனை மாட்டி, இதுதான் உம்மா சிம்பொனிக் மெட்டல், கிட்டாரும் டிரம்மும் முன்னால் இடித்துக்கொண்டு வரும், பின்னால் வயலின்காரர் ஒரு பட்டாளம், அதற்கு மேலே கூட்டமாக வாய் திறந்து பாடுவார்கள் என்று நீ விளக்கினாய், எனக்கு விளங்கியது. மருதமுனையில் நாலு தறி ஒன்றாக ஓடுகிற வீட்டில் பிறந்தவள் நான், அந்தச் சத்தத்துக்குள் கதைத்தும் உறங்கியும் வளர்ந்தவளுக்கு உன் டிரம் ஒரு பயமா. ஒரு கிட்டார் தனியாகக் கத்தினால் அது ஒருவனின் கோபம், கூட்டம் சேர்ந்து பாடினால்தான் அது ஊரின் கோபம் என்று நீ சொன்னதையும் நான் மறக்கவில்லை. படத்தில் அந்தக் கடற்கரை ஊர்க்காரர்கள் அரசாங்கத்தோடு மல்லுக்கு நிற்கிற இடத்தில் உன் மியூசிக் வந்தபோது எனக்குக் கை மயிர் எழும்பியது, மாஷா அல்லாஹ் என்றேன், பக்கத்து வீட்டுச் சரீபாவும் இது நம்மட நிப்றாஸா என்று வாயைப் பிளந்தாள்.

அதற்குப் பிறகுதான் அந்தக் கடல் வருகிற இடம். கடல் எழும்புகிறது, பிள்ளைகள் ஓடுகிறார்கள், உன் கிட்டார் அறுக்கிறது, வெள்ளைக்காரப் பெண்கள் கூட்டமாகப் பாடுகிறார்கள், திடீரென்று எல்லாம் நின்று, பெண்கள் நாக்கைச் சுழற்றிப் போடுகிற குரவை கேட்டது. யா அல்லாஹ், எங்கள் குரவை. ஆகிலாவின் கலியாணத்தில் மாப்பிள்ளை வாசலுக்கு வந்த நேரம் நாங்கள் போட்ட குரவை, நீ போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றாயே, அது. அதிலும் மாமியின் குரவையை எனக்குத் தெரியாதா, மற்றவர்களுடையது போல் ஒரே நீளமாகப் போய் முடியாது, கடைசியில் மூச்சை இழுத்து ஒரு சின்னக் குரவை தனியாக வரும். அந்தச் சின்னக் குரவையும் வந்தது, திரையில் ஒரு பிள்ளையின் கை தண்ணீருக்குள் போனது. மாமி எழும்பினார். ஒருவரையும் பார்க்காமல், காலில் செருப்பில்லாமல் ரோட்டில் இறங்கிப் போனார். நான் பின்னால் கூப்பிட்டேன், திரும்பவில்லை.

குரவை எதற்கு மகன் போடுவது. கலியாணத்துக்கு, பிள்ளை பிறந்தால், சுன்னத்துக்கு. மையித்து கிடக்கிற சாவு வீட்டில் யாராவது குரவை போடுவார்களா. இப்போது அதுவே மார்க்கத்தில் கூடாது என்று சிலர் சொல்கிறார்கள், அது வேறு கதை, ஆனால் போடுகிறவர்கள் சந்தோஷத்துக்குத்தான் போடுகிறோம், இது நீ அறியாததா. மாமியின் மகள் றிஸ்மினாவும் நீயும் ஒரே வயது, ஒரே பாயில் கிடந்து வளர்ந்தீர்கள். சுனாமி அன்று உன்னை வாப்பா தோளில் போட்டுக்கொண்டு ஓடினார், அவள் போய்விட்டாள், மையித்துக்கூட மாமிக்குக் கிடைக்கவில்லை, அடையாளம் தெரியாதவர்களை மொத்தமாக அடக்கிய இடத்தில் அவளும் கிடக்கிறாள் என்று நினைத்துத்தான் துஆ கேட்கிறோம். அதற்குப் பிறகு மாமி எந்தக் கலியாணத்திலும் குரவை போட்டதில்லை. கூப்பிட்டால் வருவார், சமைப்பார், குரவை நேரம் பின்வாசலுக்குப் போய்விடுவார். ஆகிலாவின் கலியாணத்தில்தான் முதன்முதலாக, யாரும் கேட்காமல், அவராக முன்னுக்கு வந்து போட்டார், நான் அழுதுவிட்டேன். அந்தக் குரவையைத்தான் நீ கடலுக்கு நேரே கொண்டுபோய் வைத்திருக்கிறாய்.

உடனே உனக்குப் போன் எடுத்துக் கேட்டேன், ஞாபகம் இருக்கும். நீ என்ன சொன்னாய், அந்த எடத்துல ஐம்பது பேர் பாடியும் சரி வரல்ல உம்மா, குரவைய வச்ச உடனே டைரக்டர் அழுதுட்டார் என்றாய். டைரக்டர் அழுதால் எனக்கென்ன, அவர் எனக்குச் சொந்தமா பந்தமா. மாமியை நினைத்தாயா என்று கேட்டதற்கு வேலை இருக்கு என்று வைத்துவிட்டாய். றிஸ்மினாவை நினைத்துத்தான் வைத்தாயா, ஒன்றும் நினைக்காமல் நல்ல சத்தம் என்று வைத்தாயா, இது எனக்குத் தெரிய வேண்டும். படத்தில் இனி மாற்ற ஏலாது, ஆனால் அந்த இசையைத் தனி வீடியோவாக யூடியூப்பில் விடப் போகிறோம், அதில் எடுக்கலாம் என்று போனை வைக்க முந்திச் சொன்னாயே, அதைப் பிடித்துக்கொண்டேன். நிப்றாஸ் எடுத்துப்போடுவான் என்று மாமியிடம் சொல்லிச் சமாதானப்படுத்தத்தான், அவர் எங்கள் வீட்டுப் பக்கமே வராததால், நேற்றுக் காலை நானே போனேன்.

மாமி கிணற்றடியில் மீன் கழுவிக்கொண்டிருந்தார். நான் சொல்லி முடிக்கும் வரைக்கும் நிமிரவில்லை. பிறகு கையைத் துடைத்துவிட்டு, எடுக்க வேணாம் மதினி என்றார். நான் திகைத்துப் போனேன். அந்தப் படத்த மறுகாவும் கடைசி வரைக்கும் பாத்தன் கா, ஆகிலாக்கிட்டச் செல்லி என்ட போனுக்கு எடுத்து, பொறகு அந்த எடத்த மட்டும் திருப்பித் திருப்பிப் பாத்தன் என்றார். அண்டைக்குக் கடல் வரக்குள்ள நான் சந்தையில நிண்டன், ஓடி வந்து பாத்தா ஊடு இல்ல, வளவு இல்ல, புள்ள இல்ல, வாயத் தொறந்தன் சத்தம் வரல்ல, சனமெல்லாம் குழறுது நான் மட்டும் கல்லு மாதிரி நிண்டன், பெத்தவ குழறல்ல பாத்தீங்களா எண்டு பொறகு கதைச்சாங்க, அது உங்களுக்கும் தெரியும். அண்டைக்கு எனக்கு வராத சத்தம் ஒங்கட மகன்ட படத்துல வருது. அந்த எடத்துல வர வேண்டிய சத்தந்தான் மதினி என்றார். இரண்டு பேரும் அந்தக் கிணற்றுக் கட்டில் இருந்து அழுதோம், பூனை மீனை இழுத்துக்கொண்டு போனது, ஒருவரும் விரட்டவில்லை.

அதோடு உன் தப்புத் தீர்ந்தது என்று நினைத்துவிடாதே. கண்ணைத் துடைத்த கையோடு மாமி, ஆனா கேக்கல்லயே, ஒரு வார்த்த கேட்டிருக்கலாமே, நான் இல்லையெண்டா செல்லப்போறன் என்றார். ஆகவே மகன் நீ மாமிக்குப் போன் எடு. அசர் தொழுதுவிட்டு அவர் சும்மாதான் இருப்பார், அந்த நேரம் பார்த்து நீயே எடு, வொய்ஸ் அனுப்பாதே, டைரக்டர் கதையைச் சொல்லாதே, மாமி ஏசினால் ஓம் மாமி ஓம் மாமி என்று கேட்டுக்கொண்டிரு. என்னிடம் சொல்லாத பதிலை அவரிடமாவது சொல்லு. முழங்கால் வலிக்கிற உன் வாப்பாவுக்கும் ஒரு சலாம் சொல்லி வை, வெளியே காட்டமாட்டார், ஆனால் அந்த மனிசன் உனக்காகக் கேட்கிற துஆ எனக்குத் தெரியும். அல்லாஹ் உன் கைக்கும் காதுக்கும் பரக்கத் செய்யட்டும், உன் ஹயாத்தை நீளமாக்கட்டும், ஆமீன்.

ஒன்று மிச்சம் இருக்கிறது. நான் எழும்பி வரும்போது மாமி முந்தானையைப் பிடித்து நிறுத்தி, படம் முடியக்குள்ள பாடின ஆக்கள்ட பேரெல்லாம் வந்திச்சே, அந்த வீடியோவுலயும் பேர் போடுவாங்களா என்று கேட்டார். போடுவார்கள், உங்கள் பேரையும் போடச் சொல்கிறேன் என்றேன். என்ட பேர் வேணாம், குரவ எண்டு போட்டு றிஸ்மினா எண்டு எழுதச் செல்லுங்க, அவட பேர் இன்னும் ஒரு எடத்துலயும் எழுதல்ல என்றார். தமிழிலேயே எழுது மகன். எழுதி, திரையில் கொஞ்ச நேரம் நிற்க விடு. மாமி எழுத்துக் கூட்டித்தான் வாசிப்பார்.

உன் வரவை எதிர்பார்த்திருக்கும்,
உம்மா
ஜெனூபா பதியுதீன்