குகைக்கு விருந்தாளி

அன்புள்ள அப்பாவுக்கு,

சௌம்யா வணக்கத்துடன் எழுதுவது. மேகாலயாவில் குளிரைத் தவிர எனக்கு ஒரு குறையும் இல்லை. வாழைத்தார் சுமந்து வந்த தோள்வலி இப்போது குறைந்திருக்கிறதா? அம்மாவுக்கு மாத்திரை ஒத்துக்கொள்கிறதா?

நான் குகையில் என்ன படிக்கிறேன் என்று மார்க்கெட்டில் கேட்கிறார்கள் என்றீர்களே, அவர்களுக்கு ஒரு சொல் சொல்லுங்கள்: ட்ராக்ளோசீன். குகைக்கு விருந்தாளி என்று பொருள். உள்ளே தங்கினாலும் இரைக்கு வெளியே போயே ஆகவேண்டிய உயிர்களை அப்படிச் சொல்வோம். வௌவால் அந்த வகை.

போன வாரம் நானும் உடன் படிக்கும் இருவரும் குகைக்குள் இருந்தபோது காலம் தப்பி மழை பெய்து, வந்த வழியில் தண்ணீர் ஏறிவிட்டது. ஒரு மேட்டில் உட்கார்ந்திருந்தோம். பயமெல்லாம் இல்லை. சாயங்காலம் தலைக்கு மேல் வௌவால்கள் கூட்டமாகப் பறந்தன. நம் ஊர்க் காரஞ்சி ஏரிக்கரையில் என்னைத் தோளில் வைத்துக்கொண்டு, "பாரு கண்ணு, இவங்க இப்பத்தான் வேலைக்குப் போறாங்க" என்று காட்டுவீர்களே, அந்தக் குரல் அப்படியே கேட்டது.

"இதுங்க சாப்பிட வெளியே போகுதுங்க. அப்ப மேல வழி இருக்கணும்" என்றேன். அவை போன பக்கமே ஏறினோம். ஆள் நுழையும் அளவுக்குத் திறப்பு இருந்தது. வெளியே வந்து மழையில் நின்று மூவரும் சிரித்தோம்.

புளியோகரைப் பொடியும் உங்கள் பழைய ஸ்வெட்டரும் அனுப்புங்கள். ஸ்வெட்டரைத் துவைக்க வேண்டாம்.

ஜீப் ஹாரன் அடிக்கிறது. அம்மாவிடம் வௌவாலைப் பற்றிச் சொல்லுங்கள், தண்ணீரைப் பற்றிச் சொல்லாதீர்கள்.

உங்கள் மகள்,
சௌம்யா