வந்து சேராதவரின் சட்டை

அன்புள்ள அப்பாவுக்கு,

சஜிதா எழுதுகிறேன். இங்கே லக்ஷன் மாமா வீட்டில் எல்லோரும் சுகம். உங்கள் முழங்கால் வலி எப்படி?

வரலாற்றுப் பாடத்துக்காக, நூறு வருடங்களுக்கு முன் ரொறன்ரோவில் இருந்த ஓர் உதைபந்தாட்டக் கழகத்தின் குறிப்பேட்டை நூலகத்தில் வாசித்தேன். ஸ்கொட்லாந்திலிருந்து வந்த தொழிலாளர்களின் கழகம். ஊரிலிருந்து இன்னும் கப்பலேறாத சொந்தக்காரரின் பெயரையும் அணியில் பதிந்து, சட்டையும் தைத்து வைத்திருக்கிறார்கள். ஒருவரின் பெயருக்கு எதிரே நான்கு வருடமாக 'வரவில்லை' என்றே இருந்தது. ஐந்தாம் வருடம், 'இன்று இரண்டு கோல் அடித்தார்.' அந்த வரியை விட்டு எழும்பவே எனக்கு மனம் வரவில்லை. பிரதியை இத்துடன் வைத்திருக்கிறேன்.

இங்கே ஸ்காபரோவில் மாமாவின் உதைபந்தாட்டக் கழகத்தில் நாற்பது வயதுக்கு மேற்பட்டோர் அணிக்கு இப்போது பெயர் பதிகிறார்கள். உங்கள் பெயரையும் போடச் சொன்னேன்.

"கொப்பருக்கு விசாவே வரேல்லையடி" என்று மாமா சிரித்தார்.

பிரதியைக் காட்டினேன். இரண்டு தரம் வாசித்தார்.

"சரி, சைஸைக் கேள். உவருக்கு இப்ப வண்டியும் வைச்சிருக்கும்."

வண்டி வயிற்றையும் சேர்த்து அளந்து, மாத முடிவுக்குள் வாட்ஸ்அப்பில் அனுப்புங்கள். சட்டையை என் அலுமாரியில் வைப்பேன், இடம் ஒதுக்கிவிட்டேன். பஸ் வருகிறது, நிறுத்துகிறேன். நீங்கள் நான்கு வருடம் எடுக்க வேண்டாம், அப்பா.

உங்கள் மகள்,
சஜிதா