மச்சானுக்குப் பின்னால் நானூறு மீட்டர்

மார்ச் 3
எங்கள் நான்கு ரோந்துக் கப்பல்களையும் ஒரே அணியாக்கிவிட்டார்கள். நாலு கேப்டன்களில் மூத்தவர் தன் கப்பலையும் ஓட்டிக்கொண்டு அணியையும் நடத்த வேண்டும். மூத்தவர் என் மச்சான், மனைவியின் அண்ணன். பதவியில் என்னைவிட ஆறு நாள் பெரியவர். ஆறே நாள். "அண்ணன் முன்னால போறார், இனி எனக்குக் கவலையே இல்ல" என்றாள் மனைவி. அப்படியென்றால் இத்தனை வருஷம் என்னை நம்பித்தான் கவலைப்பட்டாளோ.

மார்ச் 11
பயிற்சி. முன்கப்பலுக்கு நானூறு மீட்டர் பின்னால் போக வேண்டும்; அது திரும்பிய இடத்தில்தான் நாமும் திரும்ப வேண்டும். நான் எண் இரண்டு. நாள் முழுக்க மச்சானின் முதுகு. குடும்ப விசேஷங்களிலும் இதே கதைதான்.

மார்ச் 19
காலையில் மூடுபனி. மச்சான் கரையோரமாகக் குறுக்குவழியில் போனார். எங்கள் ஆழமானியில் பன்னிரண்டு, ஒன்பது, ஏழு மீட்டர் — இறங்கிக்கொண்டே வந்தது. வயர்லெஸ்ஸில் இரண்டு முறை எச்சரித்தேன். "ரெண்டு, வரிசையில இரு. எனக்கு வழி தெரியும்." ஐந்து என்றான் ஆழம் பார்க்கும் மாலுமி. என் கப்பலில் முப்பத்திரண்டு பேர். வலப்புறம் திருப்பிவிட்டேன். முன்னால் போவதைத் தொடர்வதுதான் விதி என்பதால் மூன்றும் நான்கும் என் பின்னாலேயே வந்துவிட்டன. மச்சான் மட்டும் மணலில் ஏறி உட்கார்ந்தார். நல்லவேளை, யாருக்கும் அடியில்லை.

மார்ச் 20
"என்ன இருந்தாலும் அண்ணனை நடுக்கடல்ல விட்டுட்டு வந்திருக்கீங்க" என்றாள் மனைவி. நடுக்கடலாம். கப்பல் நின்றது மணல்மேட்டில்.

ஏப்ரல் 2
விசாரணை. உத்தரவில்லாமல் வரிசையை உடைத்தேன், மூன்று கப்பல்களைத் தலைவரிடமிருந்து பிரித்தேன் — இதுதான் குற்றம். என் எச்சரிக்கை காதிலேயே விழவில்லை என்று மச்சான் கூசாமல் சொன்னார். அப்புறம் மூன்றாவது கப்பலின் கேப்டன். "ஒரே இரைச்சல் சார், சரியா ஞாபகம் இல்ல." என் முகத்தைப் பார்க்கவேயில்லை. டேய், என் பின்னாலதானடா வந்த? உன் கப்பல் இன்னிக்கு மிதக்குதுன்னா யாரால? எல்லாம் இங்கே எழுதத்தான் வருகிறது. அங்கே வாயைத் திறந்தேனா?

ஏப்ரல் 9
எனக்கு எண் நான்கு, வரிசையின் வால். மச்சானுக்கு ஒரு வரிக் கண்டிப்பு. கூடவே தலைமையகத்தில், விதிமுறை எழுதும் பிரிவில் ஒரு நாற்காலி.

ஏப்ரல் 15
வீட்டில் அவர் பேச்சை எடுக்காதே என்றேன். எடுக்கவில்லை. என்னோடும் பேசவில்லை.

ஜூன் 6
நேற்று புது விதி வந்தது. 'ஆழம் குறைவதைக் காணும் கப்பல், தலைமைக் கப்பலின் உத்தரவுக்குக் காத்திராமல் விலகலாம். பின்வரும் கப்பல்கள் அதைத் தொடரும்.' கீழே மச்சானின் கையெழுத்து. வீட்டுக்குக் கொண்டுபோய்க் காட்டினேன். மனைவி ரொம்ப நாளைக்குப் பிறகு சிரித்தாள். "பாத்தீங்களா, அண்ணன் எவ்வளவு யோசிச்சு எழுதியிருக்கார்." தாளை மடித்துப் பையில் வைத்தேன்.

இன்று காலை கப்பலில் எல்லாரையும் நிறுத்தி உரக்கப் படித்தேன். அன்று ஆழம் பார்த்துச் சொன்ன மாலுமி தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். 'படித்துப் புரிந்துகொண்டேன்' என்று கேப்டன்கள் கையெழுத்திட வேண்டுமாம். மச்சான் பெயருக்கு நேர் கீழே போட்டேன்.