தேர் அன்று போனவர்

திருவண்ணாமலை,
14.10.2003

அன்புள்ள தம்பி தருமனுக்கு அக்கா உண்ணாமலை ஆசீர்வாதத்துடன் எழுதுவது. இங்கு நானும் குழந்தை சினேகாவும் நலம். பம்பாயில் நீயும் தமிழ்செல்வியும் பிள்ளைகளும் சுகமாக இருக்க அண்ணாமலையாரை வேண்டுகிறேன். தமிழ்செல்விக்கு இடுப்பு வலி என்று எழுதியிருந்தாயே, இப்போது எப்படி இருக்கிறது? குடம் தூக்க விடாதே.

இங்கே மழை ஆரம்பித்துவிட்டது. சந்து முனைக் கரண்ட் கம்பத்தை இழுத்துக் கட்டப் புது ஸ்டே கம்பி போட்டுவிட்டார்கள். ஆனாலும் சினேகாவை அந்தப் பக்கம் நான் விடுவதில்லை.

எதிர்வீட்டுச் சந்திரம்மாள் வந்து போனதிலிருந்து எனக்கு மனசு சரியில்லை. போன மழையில் அவள் புருஷன் சகாதேவன் பழைய ஸ்டே கம்பியைத் தொட்டுச் செத்ததை எழுதியிருந்தேன். அதற்கு முன்பு உன் மாமா ஈரத்தோடு சைக்கிளைச் சாத்தப்போய் உயிரை விட்ட அதே கம்பிதான்.

உன்னிடம் மறைப்பானேன், சந்திரம்மாளைப் பார்த்தாலே எனக்கு வயிறு எரிகிறது. சகாதேவன் செத்ததும் போலீஸ் வந்தது, பேப்பரில் படம் வந்தது. உடம்பை அறுத்துப் பார்த்து, கரண்ட் அடித்துத்தான் இறந்தார் என்று டாக்டர் எழுதிக் கொடுத்தார். புருஷன் உடம்பை அறுத்ததற்காக ஒருத்தி மேல் யாராவது பொறாமைப்படுவார்களா? நான் படுகிறேன். இஸ்திரி போட்ட புடவையில் அவள் கோர்ட்டுக்குக் கிளம்பினால் ஜன்னலைச் சாத்திக்கொள்கிறேன்.

நமக்கு என்ன கிடைத்தது? மாமா செத்த அன்று தேர். பிணம் கிடந்தால் சாமி அந்த வழியே வராது, பெரிய தேர் சந்து முனைக்கு வருவதற்குள் எடுத்துவிடுங்கள் என்று தெருக்காரர்கள் கெஞ்சினார்கள். போலீசுக்குச் சொன்னால் அவர்கள் வந்து பார்க்கும்வரை உடம்பை நகர்த்த முடியாதே என்று பயந்து, தேருக்கு வந்திருந்த நீ மாரடைப்பு என்று சொன்னாய். நானும் தலையாட்டினேன். "தேர் அன்னிக்குப் போனாரு, கொடுத்து வச்சவரு"னு இன்றைக்கும் சொல்கிறார்கள். கேட்டால் எரிச்சலாக இருக்கிறது.

நஷ்டஈடு கேட்டுக் கரண்ட் ஆபீஸ் மேல் அவள் போட்ட வழக்கு இப்போது இழுத்துக்கொண்டிருக்கிறது. "கரண்ட் விடறவங்கதான் பொறுப்பு, அவங்க மேல தப்பு இருக்குதான்னு கூடப் பார்க்கத் தேவையில்லீங்க"னு அவள் வக்கீல் சொன்னாராம். ஆனால் சகாதேவன் கரண்ட் திருட லைனில் கொக்கி போடப் போய்த்தான் செத்தான், ஸ்டே கம்பியில் கரண்ட் வரவே வராது என்று எதிர்த்தரப்பு சாதிக்கிறதாம். "அக்கா, மாமாவுக்கும் அதே கம்பிதானே. கோர்ட்ல வந்து ஒரு வார்த்தை சொல்லுங்க. எம் புருசனைத் திருடன்னு சொல்றாங்க"னு அழுதாள். எங்கள் வீட்டுக்காரருக்கு ஹார்ட்டுதான் என்று சொல்லிக் கதவைச் சாத்திவிட்டேன். எல்லாம் அவளுக்கு மட்டும் வந்து சேர வேண்டுமா என்று இருந்தது. சாத்தும்போது நன்றாகத்தான் இருந்தது.

அப்புறம் சோறு இறங்கவில்லை. நாம் அன்றைக்கே உண்மையைச் சொல்லியிருந்தால் அந்தக் கம்பியை அப்போதே மாற்றியிருப்பார்களே என்று அவள் கேட்கவேயில்லை தருமா. கேட்டிருந்தால் சண்டை போட்டாவது நிம்மதியாக இருந்திருப்பேன்.

தீபாவளி கழிந்ததும் சாட்சி விசாரணை. நான் சமையலில் இருந்தேன், கண்ணால் பார்த்தவன் நீதான். உலக்கையால் மாமாவைக் கம்பியிலிருந்து தள்ளிப் பிரித்தவனும் நீதான். லீவு கிடைக்காது என்று எழுதாதே. அன்று மாற்றிச் சொன்னதற்கு ஏதாவது கேட்டால் நானும் உன் பக்கத்தில் நின்று பதில் சொல்கிறேன்.

சந்திரம்மாளுக்காக உன்னைக் கூப்பிடவில்லை. அவள் மேல் எரிச்சல் இன்னும் அப்படியே இருக்கிறது. அவள் புருஷன் எப்படிச் செத்தான் என்று ஒரு ஜட்ஜ் உட்கார்ந்து கேட்கிறார். உன் மாமா எப்படிச் செத்தார் என்று இதுவரை ஒருத்தரும் கேட்கவில்லை. நீ வந்து சொல்லுடா தம்பி. அண்ணாமலையார் உன் குடும்பத்துக்கு ஒரு குறையும் வைக்கமாட்டார்.

உன் வரவுக்குக் காத்திருக்கும் அக்கா,
உண்ணாமலை