கொடிக்குப் பின்னால் இருந்த கல்

பிப்ரவரி 3
எழுத்து கோணலும் மாணலுமாக இருக்கிறது, மன்னிக்கவும் — யாரிடம் கேட்கிறேன்? நான்தானே படிக்கப் போகிறேன். இவ்வளவு எழுத அரை மணி நேரம் ஆயிற்று. எழுபத்திமூன்று வயதில், சொந்தக் கையால். அலோயிஸ் ப்ராம். ஆசைக்கு இன்னொரு தடவை: அலோயிஸ் ப்ராம்.

பிப்ரவரி 5
ரொட்டிக் கடையில் விலைப் பலகை முழுவதையும் படித்தேன். பின்னால் வரிசை நின்றது. நிற்கட்டும்.

பிப்ரவரி 8
ஊர் மரபுச் சங்கத் தலைவி இர்ம்ஹில்ட் வந்தாள். பழைய பெருவெள்ளத்தைப் பற்றி மோசல் ஆற்றங்கரையில் பலகை வைக்கிறார்களாம். "உங்க வீட்டுப் படகுக் கதைய நீங்களே சொல்லுங்க. பதினெட்டாம் தேதி அச்சுக்குப் போகுது." சொன்னேன். எங்கள் முன்னோர் படகில் போய் எதிர்வீட்டுத் தீலன் குடும்பத்தைக் காப்பாற்றிய கதை. ஐம்பது வருஷமாக எவால்ட் தீலனை இதைச் சொல்லியே சீண்டுகிறேன். மது விழாவில் எனக்கு முதல் கோப்பை ஊற்றிவிட்டுத்தான் அவன் குடிக்க வேண்டும்.

பிப்ரவரி 12
ஏணி போட்டு, சுவரில் படர்ந்த திராட்சைக் கொடியைக் கவாத்து செய்தேன். மாடி ஜன்னல் உயரத்தில், வெள்ளம் ஏறிய மட்டத்தைக் காட்டும் கோடு வெட்டிய கல். கோட்டுக்குக் கீழே பொடி எழுத்து. கீழேயிருந்து யாருக்கும் தெரியாது. என் மனைவி லோட்டே இருந்தவரை எனக்கு எல்லாவற்றையும் அவள்தான் படித்துச் சொன்னாள். ஏணி என்றால் அவளுக்குத் தலை சுற்றும். எனக்கோ அது வெறும் கீறல். இன்று பாசியைச் சுரண்டி எழுத்துக் கூட்டினேன். எவ்வளவு சந்தோஷமாக ஆரம்பித்தேன்!
"தண்ணீர் இதுவரை. ப்ராம் வீட்டார் ஐவரைப் படகில் மீட்டவள் விதவை கெர்ட்ரூட் தீலன்."
என்னடா இது.

பிப்ரவரி 13
தப்பாகப் படித்திருப்பேன் என்று மறுபடி ஏறினேன். இல்லை. சரியாகத்தான் படிக்கிறேன்.

பிப்ரவரி 14
அப்பா சொன்ன கதை அது. அப்பாவுக்கு நன்றாகப் படிக்கத் தெரியும். இந்தக் கொடியை அவரும் வருஷாவருஷம் வெட்டினார்.

பிப்ரவரி 16
வாயை மூடிக்கொண்டால் முடிந்தது. மே மாதம் இலை வந்து மூடிவிடும். சொன்னால், இத்தனை வருஷம் ஏன் படிக்கவில்லை என்று கேட்பார்களே — அதற்கு என்ன சொல்ல? ஆனால் அந்தப் பொம்பளை செய்ததை எங்க பேர்ல போட்டா எப்படி? நாளை மறுநாள் அச்சு.

பிப்ரவரி 17
எவால்டைக் கூட்டிவந்து ஏணியைக் காட்டினேன்.
"ஏறுடா."
"இந்த வயசுல என்னைக் கொல்லப் பாக்குறியா?"
ஏறினான். கல்லில் விரல் வைத்து வரிவரியாகப் படித்தான். பிறகு, "அடப்பாவி! எத்தன கோப்பைடா ஊத்தியிருக்கேன்!"
"எனக்குப் படிக்கத் தெரியாதுடா. இந்தக் குளிர்காலத்துலதான் பக்கத்து ஊர் வகுப்புல கத்துக்கிட்டேன்."
இறங்கினான். சிரிப்பான் என்று நினைத்தேன்.
"சாப்பாட்டுக் கடைக்குப் போனா, பட்டியலப் பாக்காமலே 'இவனுக்கு என்னவோ எனக்கும் அதே'ம்பியே... அதனாலயா?"
"ஆமா."
"நான் ஈரல் சொன்னா நீயும் ஈரல் தின்னியேடா. உனக்கு அதக் கண்டாலே ஆகாதே."

பிப்ரவரி 18
இர்ம்ஹில்டிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அச்சை நிறுத்தினாள். எவால்ட் பக்கத்தில் நின்றான். ஒரு கேலி இல்லை. "அப்ப கெர்ட்ரூட் கதைய யாரு எழுதறது?" என்றாள். அவன் என்னைக் காட்டினான். "கல்லப் படிச்சவன் எழுதட்டும்."
எனக்கு நேரமாகும் என்றேன். ஒரு வாரம் தந்திருக்கிறாள். அதுவரை இந்த நோட்டைத் தொட முடியாது. இருபத்தைந்தாம் தேதி பலகைக்கு எழுதி முடித்துக் கொடுத்துவிட்டு இங்கே வந்து உட்காருகிறேன்.